குழாய்ச் சத்தம்

தூதர் குளியலறைக் கதவைச் சாத்திவிட்டுக் குழாயை முழுசாகத் திறந்துவிட்டார். வாளியில் தண்ணீர் விழும் சத்தத்தில்தான் அவர் மனைவியிடம் ரகசியம் பேசுவார்.

"நாளைக்கு எனக்கு நடக்கிற பாராட்டு விழா மேடையிலேயே, அரசாங்கம் மூடி மறைச்ச அந்த ஒப்பந்தத்தோட உண்மையைப் போட்டு உடைக்கப் போறேன்."

அவள் சட்டென்று அவர் வாயைப் பொத்தினாள். "மெதுவாங்க! எவன் காதுல விழுமோ!"

கதவு படாரென்று திறந்தது. அவளுக்குப் பாதி உயிர் போய்விட்டது. வாசலில் நின்றது மகள்.

"மறுபடியும் ஆரம்பிச்சாச்சா?" என்று வந்து குழாயை மூடினாள். "எதிரி நாட்டுல தூதரா இருந்தப்ப ஒட்டுக்கேட்டாங்க, சரி. ஊர் திரும்பி, மந்திரியாவும் இருந்து, ரிட்டயரும் ஆயாச்சு. நம்ம சொந்த வீட்டுல யாருப்பா ஒட்டுக்கேக்கப் போறாங்க?"

அம்மாவே வெட்கப்பட்டுச் சிரித்துவிட்டாள். அவர் சிரிக்கவில்லை. குழாயை மறுபடி திறந்தார்.

"ரிட்டயரான தூதருங்க ஒருத்தர் வீட்டையும் விடாம ஒட்டுக்கேளுங்கன்னு, மந்திரியா இருந்தப்ப உத்தரவு போட்டதே நான்தாம்மா. அதை இன்னும் யாரும் ரத்து பண்ணலை."

மகள் கையை நீட்டி ஷவரையும் திறந்துவிட்டாள்.