பொதுவில் கிடந்த ஃபைல்

திரையில் அம்புக்குறியைக் கொண்டுபோய் அழிக்கிற பொத்தான் மேல் வைத்துவிட்டான்.

அமுக்கவில்லை.

எடைமேடை அறைக்கு வெளியே நெல் லாரிகள் வரிசை கட்டி நின்றன. ஒருவன் ஹாரனை விட்டுவிட்டு அடித்துக்கொண்டிருந்தான்.

"அண்ணா, லைன்ல இருக்கீங்களா?"

போனில் ஜெரால்டு. மில்லுக்கு எடை புரோகிராம் போட்டுக் கொடுத்த கம்பெனியில் வேலை. கோயமுத்தூரிலிருந்து பேசுகிறான்.

"புது அப்டேட் ஏத்தறதுக்கு முன்னாடி பழசையெல்லாம் தூக்கிடுங்ண்ணா. கெடந்தா புதுசுகூட மல்லுக்கு நிக்கும்."

பழசு என்று அதில் இருந்தது ஒன்றுதான். முகம் பார்த்துப் பேசுகிற புரோகிராம். இப்போது அதை யாரும் வைத்துக்கொள்வதில்லை. எல்லாரும் செல்போனிலேயே பேசிவிடுகிறார்கள்.

அஞ்சுகத்துக்குத் தெரிந்த வழி அது ஒன்றுதான்.

அவன் பெண்டாட்டி. மஸ்கட்டில் வீட்டு வேலை. கையில் போன் வைத்துக்கொள்ள விட மாட்டார்கள். வெள்ளிக்கிழமை வீட்டார் தொழுகைக்குப் போனதும், அந்த வீட்டுப் பிள்ளையின் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து கூப்பிடுவாள். அவன் மூட்டை இறக்கிய வேர்வையோடு வந்து இந்த நாற்காலியின் நுனியில் உட்காருவான். அப்போது அவன் சுமை தூக்குகிறவன். இடுப்பு போன பிறகுதான், எழுத்துக் கூட்டத் தெரியுமே என்று இந்த நாற்காலியையே கொடுத்தார்கள்.

தை மாசத்திலிருந்து அவள் கூப்பிடவில்லை.

வீடு மாறினாளா, என்ன ஆனாள், ஒன்றும் தெரியாது. அனுப்பிவைத்த ஏஜென்ட் போனை எடுப்பதில்லை. அவன் செல்போன் வாங்கியதே அதற்குப் பிறகு. அந்த நம்பர் அவளிடம் இல்லை.

வெள்ளிக்கிழமைகளில் அந்தப் பேசுகிற புரோகிராமைத் திறந்து வைத்துவிட்டுத்தான் எடை போடுவான்.

இன்றைக்கும் வெள்ளிதான். இன்னும் கொஞ்ச நேரத்தில் அங்கே தொழுகைக்குக் கிளம்பிவிடுவார்கள்.

முதலாளி வாசலில் தலையை நீட்டினார்.

"இன்னுமா ஆகல? நெல்லு காஞ்சாப் பரவால்ல. டிரைவருக காயறானுகப்பா."

அமுக்கினான்.

உடனே போய்விடவில்லை. ஒரு பெட்டி குறுக்கே வந்து நின்றது. இங்கிலீஷ். எழுத்து எழுத்தாகக் கூட்டி ஜெரால்டுக்குப் படித்துக் காட்டினான். பாதியிலேயே ஜெரால்டுக்குப் புரிந்துவிட்டது.

"ஒண்ணுமில்லீங்ண்ணா. இந்த ஃபைல் பொதுவானது. நாலு புரோகிராமு சேந்து பொழங்கறது. இப்ப யாருக்கும் தேவைப்படறாப்ல தெரியல, எடுத்துடட்டுமான்னு கேக்குது."

"யாருக்கும் தேவைப்படலைங்களா?"

"கம்ப்யூட்டரு அப்படி நெனைக்குது. ஆமான்னு குடுங்க."

ஆமாம் ஒரு பக்கம் இருந்தது. இல்லை ஒரு பக்கம்.

இல்லை என்றால் என்ன காரணம் சொல்வது.

ஆமாம்.

திரையின் மூலையில் இருந்த சின்னப் படம் போயிற்று. அந்த இடத்தில் வெறும் நீலம்.

புதுசு ஏறத் தொடங்கியது. பச்சைக் கோடு ஊர்ந்தது. அவன் எழுந்துபோய் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான். லாரிக்காரர்கள் அவனைப் பார்த்ததும் திட்டினார்கள். திட்டட்டும் என்று நின்றான். காதுக்கு அதுவே போதுமாக இருந்தது.

பச்சைக் கோடு முழுசானது.

முதல் லாரி மேடையில் ஏறியது. எடை புரோகிராமைத் திறந்தான்.

திறக்கவில்லை. இன்னொரு பெட்டி.

அதையும் படித்துக் காட்டினான்.

"அட சாமி," என்றான் ஜெரால்டு. "நம்ம எடையும் அதே ஃபைலத்தான் பொழங்கிட்டு இருந்திருக்குது. இப்ப எடுத்தமே, அது. புதுசு வந்தும் அதையேதான் தேடுது."

"அதத் தேடுதுங்களா?"

"அது இல்லாம எந்திரிக்கவே எந்திரிக்காது. ஒண்ணு பண்ணுங்க. அந்தப் பேசற புரோகிராமையே திரும்பப் போட்டுருங்க. கூடவே ஃபைலும் வந்துரும்."

முதலாளி பின்னால் நின்றிருந்தார். "எதையாச்சும் போட்டுத் தொலைப்பா. லாரி நிக்குது."

எதையாச்சும் அல்ல. அதைத்தான் போட்டான்.

நீலத்தில் சின்னப் படம் மறுபடி முளைத்தது. தொட்டதும் திறந்தது. மேலே அவன் பெயர். கீழே ஒரே ஒரு பெயர், தமிழில், அவனே ஒவ்வொரு எழுத்தாகத் தேடி அடித்து வைத்தது.

அஞ்சுகம்.

பக்கத்தில் சாம்பல் நிறப் பொட்டு. அந்தப் பக்கம் ஆள் இல்லை என்று அர்த்தம்.

எடை புரோகிராமும் எழுந்துகொண்டது. லாரியின் எடை திரையில் ஓடி நின்றது. முதலாளி போய்விட்டார்.

"இனி இத எடுக்க வேண்டாங்களா?"

"அடுத்த அப்டேட்டு வர்ற வரைக்கும் தொட்டுறாதீங்ண்ணா. அதுல இந்த ஃபைல் இல்லாமயே ஓடறாப்ல பண்ணிருவாங்க."

"அது எப்ப வருமுங்க?"

"தீவாளிக்குள்ள வந்துரும்."

இப்போது ஆவணி.

போனை வைத்தான். திரைக்கு மேலே இருந்த கேமராவைக் கொஞ்சம் தாழ்த்தினான். நாற்காலிக்கு நேராக வைத்தான்.

டிரைவர் எடைச்சீட்டு வாங்க ஜன்னலுக்குள் கையை நீட்டினார். மன்னார்குடிப் பக்கத்து ஆள், வெயிலில் நின்று முகமெல்லாம் கறுத்துப்போயிருந்தது.

அவன் சீட்டைக் கொடுக்கவில்லை. ஜன்னல் வெளிச்சத்துக்கு முகத்தைக் கொண்டுபோனான்.

"ஏனுங்க, மூஞ்சில தவுடு கிவுடு ஒட்டியிருக்குதுங்களா, பாருங்க."

"எடை பாக்குறது லாரிக்கா, ஒன் மூஞ்சிக்காய்யா?"

ஆனாலும் டிரைவர் பார்த்தார். நிதானமாகவே பார்த்தார்.

"இடது காதோரம்," என்றார்.