மண்ணாந்தை

"போயிட்டு வாறேன், மண்ணாந்தை" என்று காலையில் கணவன் றுஸ்தி சொல்லிவிட்டுப் போனதிலிருந்து ஸஜீதாவுக்கு ஒரு வேலையும் ஓடவில்லை.

கலியாணமாகி மூன்று மாதம்கூட ஆகவில்லை, அதற்குள் ஏச்சா? அடுத்த வீட்டில் கேட்டாள். அர்த்தம் தெரியாது என்றார்கள். உக்குவளைக் கடைவீதியில் கேட்டாள், சிரித்தார்கள். கடைசியில் தமிழ் டீச்சர்தான் அகராதியைப் புரட்டிச் சொன்னார்: "ஒண்ணுந் தெரியாத மக்கு."

மாலையில் அவன் செருப்பைக் கழற்றுமுன்பே பிடித்துக்கொண்டாள். "யாரைப் பார்த்து மண்ணாந்தைங்கிறீங்க?"

றுஸ்தி திகைத்தான். "பாசத்துலதானே சொன்னேன்! கலியாணத்துலேர்ந்து ஒங்க வாப்பா என்னைய வாய் நிறைய அப்பிடித்தானே கூப்பிடுறாரு?"

ஸஜீதா சட்டென்று அடுப்படிப் பக்கம் திரும்பினாள்.

"ஏன், அதுக்கு என்ன அர்த்தம்?"

"தங்கமான மனிசன்" என்றாள், பல்லைக் கடித்துக்கொண்டு.