இடது காலில் ஒன்பது

எங்கள் பொம்மைத் தொழிற்சாலையில் ஒரு பொம்மையைச் சோதித்து முடித்ததும் அதன் இடது உள்ளங்காலில் அவரவர் எண்ணை முத்திரை குத்த வேண்டும். குறை கண்டுபிடித்தால் யார் தலை உருள வேண்டும் என்று தெரிய வேண்டுமல்லவா? என் எண் பதினான்கு. எதிர் நாற்காலிக்காரியின் எண் ஒன்பது.

பதினோரு வருடமாக அவள் ‘டொக் டொக்’ என்று குத்தும் சத்தமே எனக்கு ஆகாது. என்னைவிட வேகம். பொம்மையின் முகத்தைக்கூடப் பார்க்காமல் குத்துகிறாள் என்று சூப்பர்வைசரிடம் போட்டுக்கொடுத்தேன். பார்த்துத்தான் குத்தினாள் என்பது எனக்குத் தெரியும். அவர் எல்லோர் முன்னாலும் அவளுடைய ரப்பர் முத்திரையைக் கத்தரியால் வெட்டிப் போட்டு, அவளை அனுப்பிவிட்டார். இரண்டே மாதத்தில் செத்தும் போனாள். நான் எட்டிப் பார்க்கவில்லை.

போன திங்கட்கிழமை, சோதிப்பதற்காக நான் பிரித்த புதுப் பெட்டியில் ஒரு பொம்மையின் காலில் ஒன்பது இருந்தது. மை காயவில்லை. செவ்வாய்க்கிழமை பாதிப் பெட்டி. இன்று பெட்டி முழுக்க ஒன்பது.

சூப்பர்வைசர் ஒவ்வொரு பொம்மையாகத் திருப்பிப் பார்த்தார்.

“ஒரு குறையும் இல்லையே. எல்லாம் பாத்து முடிஞ்சிருக்கு.”

“அவ செத்துட்டா சார்!”

“அதுக்கென்ன? வேலை சுத்தமா இருக்குல்ல? அப்புறம் நீ எதுக்கு இங்க தண்டமா உக்காந்திருக்க?”

என் முத்திரையைப் பிடுங்கிக் கத்தரியால் வெட்டினார். பிறகு அடுத்த பெட்டியைத் தூக்கி, எதிரே காலியாகக் கிடந்த நாற்காலியின் முன்னால் வைத்தார்.

டொக்.