பாம்பு இன்னும் கடிக்காத காலை

மனிதகுல வரலாற்றில் பொன்னெழுத்துகளால் பொறிக்கத் தக்க செய்தி: காலமந்திரப் பேரறிஞர் திருமலைக்கொழுந்து, தம் வாழ்நாள் ஆராய்ச்சியின் சிகரமாக, இன்று மாரமங்கலத்தில் காலத்தைப் பின்னோக்கித் திருப்புகிறார். மிளகு பறிக்கையில் பாம்பு கடித்த சடையன் அவர் காலடியில் கிடக்கிறான். கதவிடுக்கில் விழும் வெயிலில் அவர் விரல் சுவர்க்கடிகாரத்தின் முள்ளை இடப்பக்கமாகத் தள்ளுகிறது. சீடர் ஒருவர் வருங்காலச் சந்ததிக்காகப் போட்டோ எடுக்கிறார். சடையன் மனைவி ராசம்மாவுக்கு வாசலில் உறுமும் எஸ்டேட் ஜீப்பின் சத்தம் மட்டுமே கேட்கிறது. "ஏனுங்க சாமி, காலு நொம்ப வீங்கிப்போச்சுங்க. சேலத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிரட்டுங்களா?" "அவசரப்படாத கண்ணு. இப்ப மணி ஆறு. பாம்பு இன்னும் புத்தை விட்டே வரலை." பெரியவர் பேச்சைத் தட்டத் துணியாமல், புருஷன் வாயோரத்து நுரையை அவள் முந்தானையால் துடைக்கிறாள். முள் மேலும் நகர்கிறது. "இப்ப அஞ்சு. உம்புருசன் தூங்குறான், எழுப்பாத." சடையன் செத்துவிட்டான்.