மெய்யிலையில் நின்ற எழுத்து

அந்தக் காட்டில் மெய்யிலை மரம் என்று ஒன்று இருந்தது. அதன் இலையில் உண்மையை எழுதினால் நிற்கும். பொய்யை எழுதினால் மை காய்வதற்குள் மறைந்துவிடும்.

ஒருநாள் முள்ளம்பன்றி பதுக்கி வைத்திருந்த வள்ளிக்கிழங்கைக் காணோம். உடனே அதன் நினைப்பு பக்கத்துப் பொந்து உடும்பிடம் போனது. உடும்பு கிழங்கே தின்னாது. "தின்னாதவன் என் வளை வாசலில் எதற்கு வெயில் காயணும்?" என்று முள்ளம்பன்றி பொருமியது.

உடும்பே ஒரு மெய்யிலையைக் கொண்டுவந்தது. "எழுதிப் பாருங்க அண்ணே. அப்பவாவது மனசு ஆறட்டும்."

முள்ளம்பன்றி தன் முள் ஒன்றைப் பிடுங்கி, நாவற்பழச் சாற்றில் தோய்த்து, 'உடும்பு என் கிழங்கைத் திருடியது' என்று எழுதியது. எழுத்து மறைந்தது.

"இது நீ கொண்டுவந்த இலைதானே," என்றது முள்ளம்பன்றி. தானே போய் வேறு இலை பொறுக்கி வந்து அழுத்தி எழுதியது. அதுவும் மறைந்தது. உடும்புப் பயல் மரத்தையே கைக்குள் போட்டுக்கொண்டிருக்கிறான் என்று நினைத்துக்கொண்டது.

வெகுநேரம் யோசித்துவிட்டு, 'உடும்பின் மேல் எனக்குச் சந்தேகம்' என்று எழுதியது. எழுத்து கல்லில் வெட்டியதுபோல நின்றது.

அந்த இலையை, எல்லோரும் தண்ணீருக்குப் போகும் வழியில், ஒரு முட்செடியில் குத்தி வைத்தது.

"மெய்யிலையிலேயே நின்றுவிட்டதாமே," என்று முயல்கள் பேசிக்கொண்டு போயின.

மூன்றாம் நாள் உடும்பு யார் முகத்திலும் விழிக்காமல் பொந்தைக் காலி செய்தது.

முள்ளம்பன்றி இன்னொரு முள்ளைப் பிடுங்கியது. 'உடும்பு சொல்லாமல் கொள்ளாமல் போய்விட்டது' என்று எழுதியது.

அதுவும் மறையவில்லை.