பரணில் இருந்த சாக்கு

மலையின் பாதியை மேகம் மூடியிருக்கிறது. செங்கம் ரோட்டுச் சைக்கிள் கடைக்குள் பகலிலேயே பல்பு எரிகிறது. சைக்கிள் பந்தயம் ஓட்டியே எட்டு வருடம் குடும்பம் நடத்திய சகாதேவன், வீங்கிய வலது முட்டியைத் தேய்த்தபடி ஸ்டூலில் உட்கார்ந்திருக்கிறான். வேலூர்ப் பந்தயத்தில் விழுந்ததிலிருந்து அந்தக் கால் வேகம் தாங்குவதில்லை. நாளை முதல் ஆசிரமத்துப் பக்கம் வீடு வீடாகப் பால் ஊற்றப் போகிறான். வாசலில் அவன் மனைவி சந்திரகலா காலிப் பால் கேன்களோடு நிற்கிறாள். அவனுடைய பந்தயச் சைக்கிளுக்குக் கேரியர் மாட்டி முடித்த கரீம் பாய், பரணிலிருந்து ஒரு சாக்கை இறக்கி அவிழ்க்கிறார். கனம் குறையட்டும் என்று முதல் பந்தயத்துக்கு முன்னால் சகாதேவன் கழற்றிப்போட்ட மட்கார்டுகளும் ஸ்டாண்டும் துருவேறாமல் எண்ணெய் மினுங்க உள்ளே கிடக்கின்றன.

"தூக்கிப் போட்டிருப்பீங்கன்னு நெனச்சேன் பாய்."

"எப்பனா நீ வந்து கேப்பேன்னு தெரியும்பா," என்கிறார் பாய், தலை நிமிராமல். "பந்தயம் ஓட்டறவங்க எல்லாரும் ஒருநாள் வந்து கேக்கறாங்க."

சகாதேவன் பரணை அண்ணாந்து பார்க்கிறான். அங்கே இன்னும் நாலைந்து சாக்குகள் இருக்கின்றன.

ஸ்டாண்டை மாட்டிப் போட்டதும் சைக்கிள் எதிலும் சாயாமல் தானே நிற்கிறது. பாய் பெடலைக் கையால் ஓங்கிச் சுற்றிவிடுகிறார். தரையைத் தொடாத பின்சக்கரம், கம்பிகள் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில், பந்தயத்தில் கேட்ட அதே இரைச்சலோடு நின்ற இடத்திலேயே ஓடுகிறது. முட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்த கை அப்படியே நிற்கிறது. சந்திரகலா கேன்களைத் தூக்கிப் பிடித்தபடி, சக்கரம் ஓய்வதற்காகக் காத்திருக்கிறாள்.