சிவப்பு மை

ஜப்பானின் அஒமோரியில் காலையிலிருந்து பனி கொட்டிக்கொண்டிருந்தது. தொமொயோ கதவைத் திறந்தாள்.

"பார்சலும்மா. முத்திரை போட்டுக் குடுங்க," என்று தன் சிவப்பு மைப்பெட்டியை நீட்டினார் பார்சல்காரர் ஹயாமி.

கையெழுத்துக்குப் பதிலாக, இறந்த கணவரின் யானைத்தந்த முத்திரையை மையில் ஒற்றி ரசீதில் வைத்தாள். உடனே காலம் பத்து நிமிடம் பின்னால் போனது. மறுபடி அழைப்புமணி; மறுபடி அதே ஹயாமி, அதே பார்சல். எல்லாம் அந்த முத்திரையின் மாயம் என்பது அவள் எண்ணம். ஹயாமிக்கு எதுவும் நினைவிருக்காது என்றும் நம்பினாள். வாரம் முழுக்க அவளிடம் பேசுகிற ஒரே மனிதர் அவர்தான்.

இன்று அவளுக்கே வெட்கமாகிவிட்டது. பாவம், அவரை எத்தனை தடவை பனியில் நிறுத்துவது? முத்திரையை அலமாரியில் வைத்துப் பூட்டினாள்.

"இன்னிக்குப் பேனாவுலயே கையெழுத்துப் போடுறேன். டீ குடிச்சிட்டுப் போறீங்களா?"

ஹயாமியின் முகம் வாடியது. "இன்னும் நெறைய வீடு இருக்கும்மா."

வண்டி கிளம்பும் சத்தம் கேட்டது. பார்சலை மேசையில் வைத்துவிட்டுத் தனக்கு மட்டும் டீ ஊற்றினாள்.

திடீரென்று கோப்பையில் டீ இல்லை. மேசையில் பார்சலும் இல்லை. அழைப்புமணி அடித்தது.

வாசலில் ஹயாமி. அவர் கட்டைவிரல் முழுக்க அவரது மைப்பெட்டியின் சிவப்பு மை.

"டீ குடிக்கக் கூப்பிட்டீங்களே," என்றார் தலை நிமிராமல். "உள்ள வரலாமாம்மா?"